தெற்கு சூடானில் ஐ.நா. அமைதிப் பணி: காவிரிப் படுகையிலிருந்து புறப்படுகிறவர்களுக்கு ஒரு வழிகாட்டி

தஞ்சாவூர், திருவாரூர், நாகப்பட்டினம், மயிலாடுதுறை மாவட்டங்களிலிருந்து கடல் கடந்து வேலைக்குப் போவது தலைமுறை தலைமுறையாக நடந்துவருகிறது. வளைகுடாவுக்கோ சிங்கப்பூருக்கோ போக நினைக்கும் இளைஞருக்கு வழி சொல்ல ஒவ்வொரு தெருவிலும் யாராவது இருப்பார்கள். ஐக்கிய நாடுகள் சபையின் அமைதி காக்கும் பணியில் சேர விரும்பும் பொறியாளருக்கோ, செவிலியருக்கோ, காவல் ஆய்வாளருக்கோ அந்த உதவி எளிதில் கிடைப்பதில்லை. கிடைத்தாலும் சம்பளம் எவ்வளவு, விடுப்பு எத்தனை நாள் என்பதோடு பேச்சு நின்றுவிடுகிறது. உள்நாட்டுப் போரிலிருந்து மீண்டுகொண்டிருக்கும் நாட்டில் வெளியாளாகப் போய் இறங்குகிறவர் என்ன தெரிந்துகொண்டு போக வேண்டும், அங்கே எப்படி நடந்துகொள்ள வேண்டும் என்பதைச் சொல்வதற்காகவே இதை எழுதுகிறேன். தெற்கு சூடானை எடுத்துக்கொண்டதற்குக் காரணம், இந்தியப் படையினர் பெரும் எண்ணிக்கையில் பணியாற்றிவரும் நாடு அது என்பது மட்டுமல்ல. அங்குள்ள பூசல்களில் ஆற்றுக்கும் வெள்ளத்துக்கும் மேய்ச்சல் நிலத்துக்கும் பெரும் பங்கு இருப்பதால், டெல்டாக்காரர்களுக்கு அந்த நாடு மற்றவர்களைக் காட்டிலும் விரைவில் பிடிபடும் என்று நம்புகிறேன்.

பணியாணையை முதலில் படியுங்கள்

விண்ணப்பம் போடுவதற்கு முன்பே ஒரு வேலை இருக்கிறது. ஐ.நா. பாதுகாப்பு அவை அந்தப் பணிக்காக நிறைவேற்றிய தீர்மானமே அதன் பணியாணை; அதை எடுத்து முழுமையாகப் படியுங்கள், ஐ.நா. இணையதளத்தில் கட்டணமின்றிக் கிடைக்கும். எண்ணிடப்படாத முதல் பத்திகள் பின்னணியைச் சொல்பவை. செய்ய வேண்டிய வேலை எண்ணிட்ட பத்திகளில்தான் இருக்கிறது. பணிக்கு இடப்பட்ட கடமைகள் எவை, அவற்றை நிறைவேற்றத் தேவையான எல்லா வழிகளையும் கையாள அனுமதி உண்டா, அந்த அனுமதி, படைபலத்தையும் கையாள வழி தரும் ஐ.நா. சாசனத்தின் ஏழாவது அத்தியாயத்தின் கீழ் தரப்பட்டதா என்ற மூன்றையும் குறித்துக்கொள்ளுங்கள். நேர்காணலுக்கும் இது உதவும்.

இப்படிப் படிப்பது ஏன் முக்கியம் என்பதற்குத் தெற்கு சூடான் பணியின் வரலாறே சான்று. அன்மிஸ் என்று அழைக்கப்படும் அந்தப் பணியை 2011 ஜூலை 8 அன்று 1996-ஆம் எண் தீர்மானத்தின் மூலம் பாதுகாப்பு அவை ஏற்படுத்தியது. மறுநாள் அந்த நாடு சுதந்திரம் அடைந்தது. புதிய அரசுக்குத் தோள் கொடுத்து நிர்வாகத்தைக் கட்டியெழுப்புவதே அன்றைய முதன்மைக் கடமை. 2013 டிசம்பர் 15 அன்று தலைநகர் ஜூபாவில் அதிபர் சல்வா கீருக்கு ஆதரவான படையினருக்கும் முன்னாள் துணை அதிபர் ரியக் மச்சாருக்கு ஆதரவானவர்களுக்கும் இடையே தொடங்கிய சண்டை, சில நாட்களிலேயே நாட்டின் பல பகுதிகளுக்குப் பரவியது. உயிருக்குத் தப்பிய மக்கள் ஐ.நா. முகாம்களுக்குள் ஓடிவந்தார்கள், உச்சகட்டத்தில் சுமார் 2 லட்சம் பேர் அந்த வேலிகளுக்குள் வாழ்ந்தார்கள். 2014 மே மாதத்தில் 2155-ஆம் எண் தீர்மானம் பணியாணையையே மாற்றி எழுதியது. பொதுமக்களைப் பாதுகாப்பது, மனித உரிமை மீறல்களைக் கண்காணிப்பது, நிவாரணம் சென்று சேர வழி செய்வது, போர்நிறுத்த உடன்பாட்டுக்குத் துணை நிற்பது என்று கடமைகள் மாறின. அரசின் துணைவராக வந்திருந்த ஊழியர், தேவைப்பட்டால் அதே அரசின் படையினரிடமிருந்தும் மக்களைக் காக்க வேண்டியவரானார். அலுவலகம் அதே, வாகனம் அதே, நீலத் தொப்பி அதே. உள்ளூர் அதிகாரி அவரைப் பார்க்கும் பார்வை மட்டும் வேறாகிவிட்டது.

அமைதி காக்கும் பணிக்கு ஐ.நா. வகுத்திருக்கும் அடிப்படைகள் மூன்று: சண்டையிட்ட தரப்புகளின் சம்மதம், பக்கம் சாராமை, தற்காப்புக்கும் பணியாணையைக் காப்பதற்கும் தவிர வேறெதற்கும் ஆயுதத்தைக் கையில் எடுக்காமை. இவற்றில் சம்மதமே மற்ற இரண்டையும் தாங்கி நிற்கிறது என்பது என் கருத்து. தலைநகரில் கையெழுத்தாகும் ஆவணத்தோடு அது முடிந்துவிடுவதில்லை. ஒவ்வொரு சாலைத் தடுப்பிலும், ஒவ்வொரு ஊர்க்கூட்டத்திலும், ஒவ்வொரு மழைக்காலத்திலும் அதைத் திரும்பத் திரும்பப் பெற வேண்டும்.

தமிழ் வாசகர்களுக்கு இதை விளக்கத் தொலைவில் உதாரணம் தேட வேண்டியதில்லை. 1987 ஜூலை 29 அன்று ராஜீவ் காந்தியும் ஜெயவர்த்தனாவும் கையெழுத்திட்ட ஒப்பந்தத்தின்படி இலங்கைக்குச் சென்ற இந்திய அமைதி காக்கும் படை, ஐ.நா.வின் படையன்று, இரண்டு அரசுகளுக்கு இடையிலான ஏற்பாடு. ஆயுதம் ஏந்தியிருந்த விடுதலைப் புலிகள் அந்த ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டவர்கள் அல்லர். அக்டோபரில் காவற்பணி போராக மாறியது. 1990 மார்ச்சில் படை திரும்புவதற்குள் இந்தியத் தரப்பில் மட்டும் ஏறத்தாழ 1,200 வீரர்கள் உயிரிழந்திருந்தார்கள். யாழ்ப்பாணத்துப் பொதுமக்கள் இழந்தது அதனினும் பெரிது. வேதாரண்யத்திலும் கோடியக்கரையிலும் அந்த ஆண்டுகளை நேரில் கண்டவர்கள் இன்னும் இருக்கிறார்கள். அரசியலை ஒதுக்கிவைத்து, யார் கையெழுத்திட்டார்கள், யார் இடவில்லை, படையின் வேலை எந்த நாளில் மாறியது என்ற மூன்று கேள்விகளை மட்டும் அவர்களிடம் கேட்டுப் பாருங்கள். தெற்கு சூடானில் 2018 செப்டம்பரில் புதுப்பிக்கப்பட்ட சமாதான உடன்பாட்டைப் படிக்கும்போதும் இதே கேள்விகள் உதவும்; அதில் சேராத ஆயுதக் குழுக்கள் அங்கேயும் இருந்தன.

எந்த வழியாகப் போவது

படைவீரராகப் போகத் தனி விண்ணப்பம் கிடையாது. அரசு முடிவெடுத்துப் படைப்பிரிவை அனுப்புகிறது. டில்லியில் 2000-ஆம் ஆண்டில் தொடங்கப்பட்ட ஐ.நா. அமைதி காப்பு மையம் புறப்படுவதற்கு முந்தைய பயிற்சியை அளிக்கிறது. இதுவரை 2,90,000-க்கும் மேற்பட்ட இந்தியர்கள் இத்தகைய பணிகளில் சேவை செய்திருக்கிறார்கள்; சுமார் 180 பேர் உயிர்நீத்திருக்கிறார்கள், வேறெந்த நாடும் இத்தனை பேரை இழந்ததில்லை. குடும்பத்தாரிடம் இந்த எண்ணை மறைக்காமல் சொல்லிவிட்டுப் புறப்படுவதே முறை. 2013 டிசம்பர் 19 அன்று ஜோங்லே மாநிலத்தின் அகோபோ முகாமை ஆயுதமேந்திய பெருங்கூட்டம் சூழ்ந்தபோது, அடைக்கலம் புகுந்திருந்த பொதுமக்களோடு இந்திய வீரர் இருவரும் உயிரிழந்தனர்.

காவல்துறையினர் மாநிலக் காவல்துறை வழியாக, மத்திய உள்துறை அமைச்சகத்தின் பரிந்துரையுடன் போகிறார்கள். குறைந்தது ஐந்து ஆண்டுப் பணி அனுபவம் வேண்டும். மொழித் தேர்வு, நான்கு சக்கர வாகனம் ஓட்டும் தேர்வு, துப்பாக்கி சுடும் தேர்வு ஆகியவற்றில் தேற வேண்டும். நம் பக்கத்து அதிகாரிகள் தடுமாறக்கூடியது மொழித் தேர்வில்தான். பல நாட்டவர் பேசும் ஆங்கிலத்தைக் கேட்டுக் குறிப்பெடுக்கப் பழகுங்கள். மகளிர் காவலர்கள் இந்த வாய்ப்பைத் தயக்கமின்றி எண்ணிப் பார்க்க வேண்டும். 2007-இல் லைபீரியாவுக்கு இந்தியா அனுப்பிய முழுவதும் பெண்களைக் கொண்ட காவற்பிரிவு, ஐ.நா. வரலாற்றிலேயே அத்தகைய முதல் பிரிவு. நம் அனைத்து மகளிர் காவல் நிலையங்களில் குடும்ப வன்முறைப் புகார்களை விசாரித்த அனுபவம், போருக்குப் பிந்தைய நாட்டில் நேரடியாகப் பயன்படுவது. விண்ணப்பத்தில் அதை ஒற்றை வரியில் முடித்துவிடாமல் விரிவாக எழுதுங்கள்.

மற்றவர்களுக்கு இரண்டு வாசல்கள் இருக்கின்றன. ஒன்று, ஐ.நா.வின் வேலைவாய்ப்பு இணையதளம். மற்றொன்று, ஜெர்மனியின் பான் நகரைத் தலைமையிடமாகக் கொண்ட ஐ.நா. தன்னார்வலர் திட்டம், பெயரில் தன்னார்வலர் என்றிருந்தாலும் மாதந்தோறும் வாழ்க்கைச் செலவுக்கான படி உண்டு. துறை வல்லுநராகச் செல்ல 27 வயதும் சில ஆண்டு அனுபவமும் தேவை. பொறியாளர், செவிலியர், கணக்கர், பண்டகக் காப்பாளர், வானொலிக் கலைஞர், மனித உரிமை அலுவலர் என்று தேவைப்படும் துறைகள் ஏராளம். ஓட்டுநர், எழுத்தர் போன்ற பதவிகளில் பெரும்பாலானவை அந்த நாட்டுக் குடிமக்களுக்கு உரியவை. அவற்றுக்கு விண்ணப்பித்துக் காலத்தை வீணாக்க வேண்டாம்.

ஏஜெண்ட் வழியாகவே வெளிநாட்டு வேலைக்குப் போய்ப் பழகிய பகுதி இது என்பதால் ஒன்றை அழுத்திச் சொல்கிறேன். விண்ணப்பம், நேர்காணல், பயிற்சி, விசா என்று எந்தக் கட்டத்திலும் ஐ.நா. பணம் கேட்பதில்லை. நீலச் சின்னம் அச்சிட்ட கடிதத்தைக் காட்டி யாரேனும் முன்பணம் கேட்டால், அது மோசடி என்று ஐயமின்றி முடிவுசெய்யலாம்.

ஊரிலேயே பெறக்கூடிய பயிற்சி

ஐ.நா. நடத்தும் கட்டாய இணையவழிப் பாதுகாப்புப் பயிற்சிகளை முடித்துச் சான்றிதழ் பெறுவது எளிது. அவற்றால் கற்பிக்க முடியாதவை நம் தாலுகா அலுவலகங்களில் கிடைக்கின்றன.

திருவிழாத் தகராறு, சுடுகாட்டுப் பாதைத் தகராறு, கூலித் தகராறு என்று எது வந்தாலும் வட்டாட்சியர் தலைமையில் அமைதிப் பேச்சுவார்த்தை நடப்பதை நாம் அறிவோம். அத்தகைய கூட்டத்தைப் பார்க்க அனுமதி கிடைத்தால் போய் உட்காருங்கள். இல்லையென்றால் ஓய்வுபெற்ற வட்டாட்சியர் ஒருவரிடம் பேசுங்கள். யார் நாற்காலியில் அமர்கிறார்கள், யார் சுவரோரம் நிற்கிறார்கள், யார் கையெழுத்திடுகிறார்கள், கையெழுத்திட்டவர் சொன்னால் அவர் தெருவில் எத்தனை பேர் கேட்பார்கள், பெண்கள் யாராவது அழைக்கப்பட்டார்களா என்று கவனியுங்கள். முதல் கூட்டம் ஏன் தோற்றது, மூன்றாவது கூட்டம் ஏன் பலித்தது என்று கேளுங்கள். தென்படும் காரணங்களில் பாதி, கூட்டத்துக்கு வெளியே தேநீர்க் கடையில் நடந்தவையாக இருக்கும்.

பழைய தஞ்சை மாவட்டத்தின் கீழ்ப்பகுதியில் பிறந்தவர்கள் கீழ்வெண்மணியைப் பற்றியும் படித்துவிட்டுப் போக வேண்டும். 1968 டிசம்பர் 25 இரவில் 44 தலித் மக்கள் குடிசைக்குள் எரித்துக் கொல்லப்பட்டார்கள். அரசு கணபதியா பிள்ளை ஆணையத்தை அமைத்தது. 1969-இல் விவசாயத் தொழிலாளர் நியாயக் கூலிச் சட்டம் வந்தது. கூலி இவ்வளவு என்று சட்டத்தில் எழுதப்பட்ட பிறகுதான் இரு தரப்பும் பேசுவதற்கு ஒரு பொது அளவுகோல் கிடைத்தது என்பது என் மதிப்பீடு. காவல் முகாம்களால் மட்டும் அது ஆகியிருக்காது. ஆனால் குற்றம் சாட்டப்பட்ட நிலவுடைமையாளர்களை உயர் நீதிமன்றம் விடுவித்தது. அந்தக் காயம் அரை நூற்றாண்டு கடந்தும் ஆறவில்லை. தெற்கு சூடானில் போர்க்குற்றங்களை விசாரிக்கச் சிறப்பு நீதிமன்றம் ஒன்று அமைக்கப்படும் என்று 2015 உடன்பாடும் 2018 உடன்பாடும் உறுதியளித்தும், அது அமைக்கப்படாமல் ஆண்டுகள் கடந்தன. உறவுகளைப் பறிகொடுத்த ஒருவர் உங்கள் கூட்டத்தில் எழுந்து அந்த நீதிமன்றம் எங்கே என்று கேட்கும்போது, அவர் கேள்வியின் எடை உங்களுக்குத் தெரிந்திருக்க வேண்டும்.

இன்னொரு பள்ளிக்கூடம் கடற்கரை. அக்கரைப்பேட்டையிலும் கீச்சாங்குப்பத்திலும் 2004 சுனாமிக்குப் பிறகு உதவ வந்தவர்களைப் பற்றி அங்குள்ள முதியவர்களிடம் கேளுங்கள். ஒரே வினாப்பட்டியலை எத்தனை நிறுவனங்கள் வந்து நிரப்பிக்கொண்டு போயின, ஊர்ப் பஞ்சாயத்தார் கையில் நிவாரணத்தை ஒப்படைத்தபோது யாருக்கெல்லாம் அது வந்து சேரவில்லை, கணவனை இழந்த பெண்களின் பெயர் பட்டியலில் எப்படி விடுபட்டது, யார் ஒரு முறை வந்தார்கள், யார் திரும்பவும் வந்தார்கள் என்று கேளுங்கள். உதவி பெறுகிறவராக இருந்த அனுபவம் உள்ள ஒரு பகுதியிலிருந்து போகிறோம் என்பதே நம்முடைய பெரிய முதலீடு.

மருத்துவ ஏற்பாடுகள் எளியவை. மஞ்சள் காய்ச்சல் தடுப்பூசியைக் கிண்டி கிங் இன்ஸ்டிடியூட் போன்ற அங்கீகரிக்கப்பட்ட மையத்தில், பயணத்துக்குக் குறைந்தது பத்து நாட்களுக்கு முன் போட்டுக்கொண்டு சான்றிதழைக் கடவுச்சீட்டோடு வையுங்கள். திரும்பி வரும்போது அது இல்லாவிட்டால் இந்திய விமான நிலையத்திலேயே தனிமைப்படுத்தப்படுவீர்கள். மலேரியா தடுப்பு மாத்திரையை மருத்துவர் சொன்ன நாள்வரை விடாமல் சாப்பிடுங்கள்.

ஊர்க்கூட்டத்தில் உட்காரும் முறை

ஜூபாவில் இறங்கியவுடன் உங்களிடம் ஒரு மாவட்டமும், ஒரு வாகனமும், ஒரு மொழிபெயர்ப்பாளரும் ஒப்படைக்கப்படலாம். ஆங்கிலம் அலுவல் மொழி. ஜூபா அரபு பரவலாகப் புழங்குகிறது. டிங்கா, நுயர், ஷில்லுக் என்று இனத்துக்கொரு மொழி. மொழிபெயர்ப்பாளர் எந்தச் சமூகத்தவர் என்பதை ஊரார் அவர் வாய் திறக்கும் முன்பே அறிந்துகொள்வார்கள் என்பதால், அவரைத் தேர்ந்தெடுப்பதே ஓர் அரசியல் செயல். கூட்டத்துக்கு முன் அவரோடு தனியே அமர்ந்து என்ன கேட்கப் போகிறீர்கள் என்று சொல்லிவிடுங்கள். சிறு சிறு வாக்கியங்களாகப் பேசுங்கள். கூட்டத்தில் அவரைப் பார்த்துப் பேசாமல், எதிரே இருக்கும் பெரியவரைப் பார்த்துப் பேசுங்கள். மாதத்துக்கு ஒரு முறையாவது வேறொரு மொழிபெயர்ப்பாளருடன் அதே ஊருக்குப் போய்வருவது நல்லது. இரண்டு பயணங்களின் குறிப்புகளும் ஒத்துப்போகாத இடத்தில்தான் நீங்கள் தெரிந்துகொள்ள வேண்டியது இருக்கும்.

அரசு அலுவலரை முதலில் பார்ப்பது மரியாதை. அவரை மட்டும் பார்த்துத் திரும்புவது பிழை. இனத் தலைவர்கள், திருச்சபையினர், மாட்டுப்பட்டிகளில் ஆயுதத்தோடு இருக்கும் இளைஞர்கள், பெண்கள் ஆகிய நால்வகையினரையும் சந்திக்காத வரை அந்த ஊரைப் பற்றி உங்கள் அறிக்கையில் எதையும் உறுதியாக எழுத வேண்டாம். அங்கே பெண் கொடுக்கவும் எடுக்கவும் மாடுதான் பரிசப்பொருள். கொலைக்கு ஈடும் மாடுதான். ஒரு மந்தை கொள்ளை போனால் ஓர் இளைஞனின் திருமணமே போய்விடுகிறது. ஆகவே மாட்டுக் கொள்ளையை வெறும் திருட்டு என்று பதிவு செய்துவிட்டு நகர்ந்தால், அடுத்த மாதம் நடக்கப்போகும் பழிவாங்கலைக் காணத் தவறிவிடுவீர்கள். சாலையில் மந்தை குறுக்கிட்டால் வண்டியை நிறுத்தி, கடைசி மாடு கடக்கும்வரை காத்திருங்கள். ஒலிப்பானில் கை வைக்காதீர்கள்.

கூட்டத்தில் நீங்கள் கேட்கும் முதல் கேள்வி, இதற்கு முன் வந்த ஐ.நா. ஊழியர் என்ன சொல்லிவிட்டுப் போனார் என்பதாக இருக்கட்டும். பதில் சற்றுக் கடுமையாகவே வரும். அதை முழுவதும் கேட்டு, எழுதிக்கொண்டு, அவர்கள் எதிரிலேயே படித்துக்காட்டுங்கள். எதையும் செய்து தருவதாக வாக்களிக்காதீர்கள். கேட்டுவந்து சொல்கிறேன் என்று மட்டும் சொல்லி, சொன்ன நாளில் பதிலோடு திரும்பிப் போங்கள். பதில் இல்லை என்பதாக இருந்தாலும் போய்ச் சொல்லியாக வேண்டும். மறுப்பைக்கூட நேரில் வந்து சொல்கிறவரை அந்த மக்கள் மறப்பதில்லை.

பெண்களுடன் தனியே ஒரு கூட்டம் தேவை; அதை ஒரு பெண் ஊழியரே நடத்த வேண்டும். முகாம்களில் இருந்த பெண்கள் விறகு பொறுக்க வெளியே போன இடங்களில்தான் தாக்கப்பட்டார்கள். எந்தப் பாதையில், எந்த நேரத்தில், எத்தனை பேராகப் போகிறீர்கள் என்று அவர்களிடம் கேட்டு, அந்த நேரத்தில் அந்தப் பாதையில் ரோந்து போகும்படி படைப்பிரிவிடம் ஏற்பாடு செய்வது, எந்தக் கருத்தரங்கைக் காட்டிலும் பயனுள்ள ஒரு நாள் வேலை. படையினர் தமக்கு வசதியான நேரத்தில் ரோந்து போவது எங்கும் உள்ள பழக்கம். அதை மாற்றவைப்பதற்காகவே ஒரு குடிமைப் பணியாளர் அங்கே இருக்கிறார் என்று கொள்ளலாம்.

சாலைத் தடுப்பு தனிக்கலை. ஐ.நா.வுக்கும் அந்த நாட்டு அரசுக்கும் இடையிலான ஒப்பந்தப்படி நீங்கள் எங்கும் தடையின்றிச் செல்லலாம். கயிற்றைக் கட்டிக்கொண்டு நிற்கும் பதினெட்டு வயதுச் சிப்பாய்க்கு அந்த ஒப்பந்தம் தெரிந்திருக்க வேண்டும் என்பதில்லை. குழுத்தலைவர் மட்டும் பேசட்டும். குரல் உயராமல், பணம் கொடுக்காமல், அவருடைய மேலதிகாரியின் பெயரைக் கேட்டு அவரோடு தொடர்புகொள்ளுங்கள். திரும்பிப் போக நேர்ந்தாலும் அதைத் தோல்வியாகக் கருத வேண்டாம். நேரம், இடம், யார் தடுத்தார் என்பதைப் பதிவு செய்யுங்கள். இத்தகைய பதிவுகள் சேர்ந்துதான் பாதுகாப்பு அவைக்குப் போகும் அறிக்கையாகின்றன.

பொறியாளர்களுக்குத் தனியே

யூனிட்டி மாநிலத்தின் பெந்தியுவைப் பற்றி டெல்டாப் பொறியாளர்கள் அறிந்துகொண்டு போக வேண்டும். 2021-இல் அந்த நகரத்தைச் சூழ்ந்த வெள்ளம், வறண்ட காலம் வந்தும் வடியவில்லை. சட் எனப்படும் பெருஞ்சதுப்பு நிலத்தின் அருகில் இருப்பதால், மேலே விக்டோரியா ஏரிப் பகுதியிலிருந்து வந்த நீர் ஆண்டுக்கணக்கில் அங்கேயே தங்கிவிட்டது. பாகிஸ்தான் பொறியியல் படைப்பிரிவினர் உள்ளிட்ட ஐ.நா. படையினர் முகாமையும் விமான ஓடுதளத்தையும் சாலையையும் சுற்றி மண்கரைகள் எழுப்பி, இரவும் பகலும் அவற்றைக் காத்தார்கள்.

நம் ஊர்க்காரர் அங்கே நின்றால் முதலில் வடிகாலைத் தேடுவார். கல்லணையில் மிகுநீரைக் கொள்ளிடத்தில் திருப்பிவிட்டுப் பழகிய கண்கள் அப்படித்தான் தேடும். அங்கே கொள்ளிடம் இல்லை. தண்ணீரை ஓரிடத்திலிருந்து வெளியேற்றினால் அது இன்னொருவர் மேய்ச்சல் நிலத்தில்தான் போய் நிற்கும்; அவர் வேறு இனத்தவராக, முந்தைய ஆண்டு எதிர்த்தரப்பில் நின்று சண்டையிட்டவராக இருக்கக்கூடும். ஒரு கரையை உயர்த்தினால் எதிர்க்கரை உடையும் என்பதை வெண்ணாற்றங்கரையில் பிறந்த யாருக்கும் விளக்க வேண்டியதில்லை. வெள்ளக்காலத்தில் எதிர்க்கரை ஊரார் வந்து வெட்டிவிடுவார்களோ என்று அரிக்கேன் விளக்கோடு கரைக்காவல் இருந்த கதைகளை நம் பாட்டன்மார் சொல்லக் கேட்டிருக்கிறோம். அங்கே காவல் இருக்கிறவர் கையில் இருப்பது துப்பாக்கி.

ஆகவே வரைபடத்தை விரிப்பதற்கு முன்பு, இரு கரை ஊர்களின் முதியவர்களையும் அழைத்துக்கொண்டு கரை நெடுக நடந்துவிடுங்கள். முந்தைய வெள்ளங்கள் எந்த மரத்தின் எந்த உயரம்வரை வந்தன என்று கேட்டு அடையாளமிடுங்கள். கரைக்கு மண் எங்கே வெட்டப்போகிறீர்கள், அந்தக் குழி யாருடைய மேய்ச்சலைத் தின்னும், வேலையாட்கள் எந்தெந்த ஊரிலிருந்து எத்தனை பேர் எடுக்கப்படுவார்கள் என்பவற்றைக் கூட்டத்தில் வாய்விட்டுச் சொல்லி, மறுப்பு வந்தால் திட்டத்தை மாற்றுங்கள். படைப்பிரிவின் இயந்திரங்கள் ஒருநாள் போய்விடும். பிறகு மண்வெட்டியோடு யார் வருவார்கள் என்பது முதல் நாளே முடிவாக வேண்டும். குடிமராமத்து எப்படி நடந்தது, எதனால் நின்றது, திரும்பத் தொடங்கியபோது என்ன குறை சொன்னார்கள் என்று அறிந்திருப்பவருக்கு இந்தப் பேச்சு கடினமாக இராது.

கால்வாய் என்ற யோசனையை மட்டும் எளிதில் வாய்விட்டுச் சொல்லிவிடாதீர்கள். சட் சதுப்பு நிலத்தைத் தவிர்த்து நைல் நீரை வடக்கே கொண்டுபோக 1978-இல் வெட்டத் தொடங்கிய ஜோங்லே கால்வாய், போர் மூண்டதால் 1984-இல் கைவிடப்பட்டது; சூடானிலும் எகிப்திலும் பயன்படுவதற்காகத் தம் நிலம் காயவைக்கப்படுகிறது என்ற கோபம் தென்பகுதியில் அன்று பரவலாக இருந்தது. தெற்கின் விடுதலைப் படையை வழிநடத்திய ஜான் கராங் தம் முனைவர் பட்டத்துக்கு ஆராய்ந்ததே அந்தத் திட்டப் பகுதியைத்தான். வெள்ளத்தை வடிக்கவே சொல்கிறேன் என்று நீங்கள் எவ்வளவு விளக்கினாலும், கேட்கிறவர் மனத்தில் அந்தப் பழைய வாய்க்கால்தான் தோன்றும்.

சம்மதத்தைக் கெடுப்பவை

ஹைட்டியில் 2010 அக்டோபரில் பரவிய காலரா அந்த நாட்டுக்கு வெளியிலிருந்து வந்தது, ஐ.நா. முகாமின் கழிவு ஆர்ட்டிபோனிட் ஆற்றின் கிளையில் கலந்ததே அதன் தொடக்கம். ஏறத்தாழ 10,000 பேர் இறந்தார்கள், 2016-இல்தான் ஐ.நா. பொதுச்செயலாளர் பான் கி மூன் மன்னிப்புக் கேட்டார். சுகாதாரம் பற்றி ஊருக்குச் சொல்லப் போகும் முன், உங்கள் முகாமின் கழிவுநீர் எங்கே போகிறது என்று நீங்களே நடந்துபோய்ப் பாருங்கள்.

பாலியல் சுரண்டல் குறித்த விதிகள் 2003-இல் பொதுச்செயலாளர் வெளியிட்ட அறிக்கையில் தெளிவாக உள்ளன. பணமோ, வேலையோ, உணவோ கொடுத்துப் பெறும் எந்த உறவும், பதினெட்டு வயதுக்குக் குறைந்தவருடன் எந்த உறவும், உள்ளூர்ச் சட்டம் என்ன சொன்னாலும், குற்றம். சக ஊழியரைப் பற்றி ஐயம் எழுந்தால் முறையிடுவது உங்கள் விருப்பமன்று, கடமை.

முகாமில் ஐந்து பேரை வேலைக்கு எடுக்கும்போது ஐந்து பேரும் ஒரே இனத்தவராக அமைந்துவிட்டால், பக்கம் சாராதவர் என்று நீங்கள் சொல்வதை அந்த ஊரில் ஒருவரும் நம்ப மாட்டார். மலக்கால் நகரின் ஐ.நா. முகாமில் டிங்கா, நுயர், ஷில்லுக் மக்கள் அனைவரும் ஒரே வேலிக்குள் அடைக்கலம் புகுந்திருந்தார்கள். 2016 பிப்ரவரியில் அந்த வேலிக்குள் புகுந்து தாக்கியவர்கள் பலரைக் கொன்றார்கள். கட்டளையிலும் ஆயுதம் எடுப்பதற்கான விதிகளிலும் இருந்த குழப்பத்தை ஐ.நா.வின் விசாரணையே சுட்டிக்காட்டியது. அந்த விதிகள் உங்கள் பிரிவில் எப்படிப் புரிந்துகொள்ளப்பட்டிருக்கின்றன என்று பணியில் சேர்ந்த முதல் வாரத்திலேயே கேளுங்கள். சங்கடமான கேள்விதான், கேட்கத் தயங்க வேண்டாம்.

எழுதுவதும் ஒப்படைப்பதும்

அன்றாட அறிக்கையில் நேரில் கண்டது, பிறர் சொல்லக் கேட்டது, நீங்கள் ஊகித்தது மூன்றையும் தனித்தனிப் பத்திகளில் எழுதுங்கள். தகவல் சொன்னவரின் பெயரைக் கைக்குறிப்பேட்டில் எழுதாதீர்கள். சாலைத் தடுப்பில் அந்தக் குறிப்பேடு யார் கைக்கும் போகலாம். ஊர்க்கூட்டங்களைப் படமெடுத்துச் சமூக ஊடகத்தில் போடுவதை அறவே விட்டுவிடுங்கள். ஊரில் உள்ளவர்கள் பார்க்க ஆசைப்பட்டால் நைல் நதியின் படத்தை அனுப்பலாம்.

பணிக்காலம் முடியும்போது அடுத்து வருகிறவருக்கு எழுதித்தரும் ஒப்படைப்புக் குறிப்பில், சந்தித்தவர்கள் பட்டியலுக்கு முன்னதாக, எந்தெந்த ஊரில் எதற்குப் பதில் சொல்வதாக ஒப்புக்கொண்டு இன்னும் சொல்லவில்லை என்பதை எழுதுங்கள். முடிந்தால் அவரையும் அழைத்துக்கொண்டு அந்த ஊர்களுக்கு ஒரு சுற்றுப் போய், முதியவர்களிடம் நேரில் அறிமுகப்படுத்திவிட்டு வாருங்கள். ஊர் திரும்பிய பின் சில மாதங்களுக்குள் காய்ச்சல் வந்தால், தஞ்சாவூர் மருத்துவக் கல்லூரி மருத்துவமனையானாலும் தெருமுனை மருத்துவரானாலும், தெற்கு சூடானில் இருந்துவிட்டு வந்ததை முதல் வாக்கியத்திலேயே சொல்லி, மலேரியாவுக்கு இரத்தப் பரிசோதனை செய்யச் சொல்லுங்கள்.